செவ்வாய்க்கிழமை நாடகமும் ஒரு டம்ளர் காப்பித்தூளும்

மாதக் கடைசியில் வீட்டுக்கு விருந்தாளி வருகிறார். வீட்டில் காப்பித்தூள் இல்லை. அவ்வளவுதான் கதை.

மெட்ராஸ் தூர்தர்ஷனில் 1986-ல் ஒரு செவ்வாய்க்கிழமை சாயங்காலம் ஓடிய அரைமணி நேர நாடகம் அது. ஒரே ஒரு தடவைதான் பார்த்தேன், அப்போது எனக்குப் பத்து வயது. அதற்கப்புறம் எத்தனையோ படம், எத்தனையோ தொடர் பார்த்தாயிற்று. ஆனாலும் குடும்பக் கதையை யாரோ அருமையாக எடுத்திருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு ஒன்றைப் பார்க்க உட்கார்ந்தால், என் மனசு அதை இந்த நாடகத்துக்குப் பக்கத்தில் வைத்துத்தான் அளந்து பார்க்கிறது.

பெரம்பூரில் நாங்கள் குடியிருந்தது ஐந்து போர்ஷன் வீடு. நடுவில் முற்றம், ஒரு ஓரத்தில் அடிபம்பு, பின்னால் துணி உலர்த்தும் இடம். அப்பாவுக்கு ரயில்வேயில் கிளார்க் வேலை. டிவி இருந்தது முன் போர்ஷனில் மட்டும்தான். சாலிடேர், கறுப்பு வெள்ளை, மரப்பெட்டிக்குள் உட்கார்ந்திருக்கும், இரண்டு பக்கமும் இழுத்து மூடுகிற ஷட்டர் உண்டு. அதன் மேல் ஒரு பின்னல் துணி, துணியின் மேல் பிளாஸ்டிக் பூ. மொட்டை மாடியில் மீன் முள் மாதிரி ஆன்டெனா. சேப்பாக்கத்தில் சுவாமி சிவானந்தா சாலையில்தான் நிலையம் என்பதால் எங்கள் தெருவில் இருந்த நாலைந்து ஆன்டெனாவும் ஒரே பக்கம், தென்கிழக்கே, கோபுரத்தைப் பார்த்துக் கும்பிடுவது போல நிற்கும்.

முன் போர்ஷன் அக்கா (எங்கள் எல்லோருக்கும் அவர் அக்காதான், அம்மாவுக்கும் அக்கா, எனக்கும் அக்கா) யாரையும் வராதே என்று சொன்னதில்லை. வெள்ளிக்கிழமை ஒளியும் ஒலியும் என்றால் தெருப் பிள்ளைகள் மொத்தமும் வந்துவிடும், ஞாயிற்றுக்கிழமை சினிமாவுக்கு ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளியே நின்று பார்க்கிறவர்களும் உண்டு. செவ்வாய்க்கிழமை அப்படிக் கூட்டம் வராது. நாடகத்தில் பாட்டு இல்லை, சண்டை இல்லை, பிள்ளைகளுக்கு என்ன இருக்கிறது? வேலை முடித்த பெண்கள் நாலைந்து பேர் வருவார்கள், சுவரில் சாய்ந்து காலை நீட்டிக்கொள்வார்கள். அம்மாவோடு நானும் போவேன். எட்டரை தாண்டினால் டெல்லி வந்துவிடும், இந்திச் செய்தி ஆரம்பித்துவிடும். அதற்குள் நாடகம் முடிந்து, அவரவர் வீட்டுக்குப் போய்ச் சாப்பாடு எடுத்து வைக்க நேரம் சரியாக இருக்கும்.

அன்றைக்கு நாங்கள் போனபோது பெயர் எல்லாம் போட்டு முடித்துவிட்டார்கள். திரையில் ஒரு கூடம், ஒரு நாற்காலி, சுவரில் தேதி கிழிக்கிற காலண்டர். தேதி 27. நாற்காலியில் இருந்தவர் ஒரு சின்ன நோட்டுப் புத்தகத்தில் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தார். பையன் வந்து ஜியாமெட்ரி பாக்ஸ் கேட்கிறான், ஒண்ணாம் தேதி என்கிறார். பெண்டாட்டி வந்து மிக்சியோ கிரைண்டரோ கேட்கவில்லை, செருப்பு வார் அறுந்துவிட்டது என்கிறாள், அதற்கும் ஒண்ணாம் தேதி. அப்போது கதவு தட்டும் சத்தம். ஊரிலிருந்து சித்தப்பா, கையில் துணிப்பை, பைக்கு வெளியே நீட்டிக்கொண்டு முருங்கைக்காய்.

"வாங்க வாங்க" என்று அவரை உட்கார வைத்துவிட்டு அந்த மனிதர் உள்ளே பார்த்துக் குரல் கொடுக்கிறார், சித்தப்பாவுக்குக் காப்பி கொண்டா என்று. காமிரா சமையலறைக்குப் போகிறது. அந்த அம்மாள் டின்னைத் திறக்கிறாள், சாய்த்துப் பார்க்கிறாள், ஸ்பூனால் அடியைச் சுரண்டுகிறாள். தகரத்தில் ஸ்பூன் உரசுகிற சத்தம். கூடத்தில் அந்தச் சத்தம் கேட்டதும் புருஷன்காரர் என்ன செய்கிறார் தெரியுமா, குரலை உயர்த்திக்கொண்டு ஊரில் மழை உண்டா, ஏரி ரொம்பியதா, நாற்று விட்டாயிற்றா என்று சம்பந்தமில்லாமல் பேச ஆரம்பிக்கிறார். உள்ளே சுரண்டச் சுரண்ட வெளியே குரல் ஏறுகிறது. இதற்கு வசனம் எழுதியவர் எந்த வீட்டில் உட்கார்ந்து இதைக் கேட்டிருப்பார் என்று பிற்பாடு பல தடவை யோசித்திருக்கிறேன். கேட்காமல் இப்படி எழுத முடியாது.

அம்மாள் மகளைக் கூப்பிட்டு ஒரு டம்ளரைக் கொடுத்துப் பின்கட்டு வழியாக அனுப்புகிறாள். அந்தப் பெண் பக்கத்து வீட்டு வாசற்படியில் போய் நிற்கிறாள். எட்டு, ஒன்பது வயது இருக்கும். டம்ளரைப் பாவாடை மடிப்புக்குள் மறைத்துப் பிடித்திருக்கிறாள். என்ன கேட்க வந்தோம் என்று சொல்லாமல் சும்மா நிற்கிறாள்.

இந்த இடத்தில்தான் என் அம்மா எழுந்தாள்.

"அடுப்புல பால் வெச்சிருக்கேன்" என்று பொதுவாகச் சொல்லிவிட்டு இருட்டில் காலை எடுத்து வைத்து வெளியே போய்விட்டாள். பால் காலையிலேயே காய்ச்சி ஆயிற்று, அது எனக்குத் தெரியும். இன்னொன்றும் எனக்குத் தெரியும். இரண்டு நாளுக்கு முன்னால், ஞாயிற்றுக்கிழமை, டம்ளரை எடுத்துக்கொண்டு இதே முன் போர்ஷன் வாசலில் போய் நின்றது நான். அக்கா ஒன்றும் கேட்காமல் டம்ளரை வாங்கிக் கொண்டுபோய்க் காப்பித்தூள் போட்டுக் கொடுத்தார். இப்போது அந்த அக்கா எனக்கு இரண்டு முழம் தள்ளி உட்கார்ந்து இதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். திரையின் வெளிச்சம் எல்லோர் முகத்திலும் விழுகிறது. நான் திரும்பவே இல்லை, காது மட்டும் சூடாக இருந்தது. அக்காவும் திரும்பவில்லை.

நாடகம் அது பாட்டுக்குப் போனது. அந்தப் பெண் டம்ளரின் வாயை உள்ளங்கையால் மூடிக்கொண்டு திரும்பி ஓடி வருகிறாள். ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்த சித்தப்பா அதைப் பார்த்துவிடுகிறார். பார்த்தது ஒரு கணம்தான், அப்புறம் பேச்சைத் தொடர்கிறார். கொஞ்ச நேரம் கழித்து, "காப்பி எல்லாம் வேண்டாம்மா, டாக்டர் நிறுத்தச் சொல்லிட்டார், மோர் இருந்தா ஒரு வாய் குடு" என்கிறார். உள்ளே அந்த அம்மாள் ஃபில்டரில் தூளைப் போட்டு வெந்நீர் ஊற்றியாயிற்று, டிகாக்‌ஷன் இறங்கிக்கொண்டிருக்கிறது. அப்படியே நிற்கிறாள். அவர் பொய் சொல்கிறார் என்று அவளுக்குத் தெரிகிறது, ஏன் சொல்கிறார் என்றும் தெரிகிறது, இந்த ஃபில்டரை என்ன செய்வது என்று மட்டும் தெரியவில்லை. ஒரு வார்த்தை பேசாமல் இதை எல்லாம் முகத்திலேயே காட்டினார் அந்த நடிகை.

சித்தப்பா மோர் குடித்துவிட்டு, சாப்பிட்டுவிட்டுப் போகச் சொன்னதற்கு வேறு இடத்தில் சொல்லியிருக்கிறது என்று கிளம்பிவிடுகிறார். முருங்கைக்காய் வைத்துவிட்டுப் போகிறார். புருஷனும் பெண்டாட்டியும் அந்தக் காப்பியை ஆளுக்குப் பாதி குடிக்கிறார்கள், பேச்சே இல்லை. கடைசியில் அலமாரித் தட்டில் கவிழ்த்து வைத்த இரவல் டம்ளர், அதன் மேல் நடித்தவர்கள் பெயர் ஏறிப் போகிறது. முடிந்தது.

அக்கா எழுந்து ஷட்டரை இழுத்து மூடினார். நான் வாசற்படி தாண்டும்போது கூப்பிட்டு, "நாளைக்கு அரிசி புடைக்கணும், உங்க வீட்டு முறத்தைக் குடுத்தனுப்பச் சொல்லு அம்மாகிட்ட" என்றார். அவர் தலைக்கு மேலேயே ஆணியில் அவர்கள் வீட்டு முறம் தொங்கிக்கொண்டிருந்தது. அந்த வயதில் எனக்கு அது விசித்திரமாக மட்டும்தான் இருந்தது.

ஒரு சின்ன நாடகம் ஒரு வீட்டுக்குள் இப்படி நுழைந்ததற்கு அது எடுக்கப்பட்ட விதமும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். மெட்ராஸ் நிலையம் 1975 ஆகஸ்ட் 15-ல் ஆரம்பித்தது. 1982-லேயே தூர்தர்ஷனுக்கு நிறம் வந்துவிட்டது, எங்கள் பக்கத்து வீடுகளுக்கு இன்னும் வரவில்லை. அந்த நாடகங்களை ஸ்டூடியோவில் தட்டிகளை நிறுத்திக் கூடம், சமையலறை என்று பிரித்து எடுப்பார்கள். இரண்டு மூன்று காமிரா ஒரே நேரத்தில் ஓடும், தயாரிப்பாளர் கண்ணாடி அறைக்குள் உட்கார்ந்து ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு மாற்றிக்கொண்டே பதிவு செய்வார். வெட்டி ஒட்டுவது அன்றைக்குச் சிரமம், அதனால் ஒரு காட்சியை நடிகர்கள் மேடையில் நடிப்பது போல ஒரே மூச்சில் நடித்து முடிக்க வேண்டும். டம்ளர் கை தவறினால் தவறியதுதான். கதவைச் சாத்தினால் சுவரே லேசாக ஆடும். ட்யூப் வைத்த காமிரா என்பதால் பளிச்சென்ற வெளிச்சம் எதுவும் நகர்ந்தால் பின்னாலேயே ஒரு வெள்ளை வால் இழுத்துக்கொண்டு போகும். அந்த அம்மாள் அடுப்புப் பற்றவைத்த தீக்குச்சியை உதறினபோது திரையில் ஒரு கோடு விழுந்து மறைந்தது இன்னும் என் கண்ணில் இருக்கிறது. இதை எல்லாம் குறை என்று பேசுகிறவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றியதில்லை. ஒரே மூச்சில் நடித்ததால்தான் ஸ்பூன் சத்தமும் அந்த மனிதரின் குரலும் ஒன்றின் மேல் ஒன்று ஏறி வந்தது, தனித்தனியாக எடுத்து ஒட்டியிருந்தால் அந்தப் பதற்றம் கிடைத்திருக்காது.

அப்புறம் நடித்தவர்கள். சபாக்களில் நாடகம் போட்டுக்கொண்டிருந்தவர்கள்தான் டிவிக்கும் வந்தார்கள், அவர்களில் நிறையப் பேருக்கு நடிப்பு தொழில் கிடையாது. ஆபீஸ் முடிந்து பஸ் பிடித்து ஒத்திகைக்கு வருகிறவர்கள். பூர்ணம் விஸ்வநாதன் அகில இந்திய வானொலியில் செய்தி வாசித்தவர். கிரேஸி மோகன் கிண்டியில் இன்ஜினியரிங் படித்துவிட்டு சுந்தரம் கிளேட்டனில் வேலை பார்த்தவர். சம்பளக் கவரும் மாதக் கடைசியும் தெரிந்த மனிதர்கள். சட்டைப் பையில் கை விட்டு வெறுங்கையாக எடுப்பதை அவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. இந்திப் பக்கமும் இதே கதைதான். 1988-ல் 'வாக்லே கி துனியா' வந்தது, கார்ட்டூனிஸ்ட் ஆர். கே. லக்ஷ்மணின் சாமானியனை வைத்து குந்தன் ஷா எடுத்தார், சாதாரண குமாஸ்தா வாக்லேயாக வந்த அஞ்சன் ஸ்ரீவாஸ்தவ் நிஜத்திலும் பாங்க் ஊழியர். இந்தி தெரியாத எங்கள் முற்றத்தில் வாக்லே பேசுவதற்கு அர்த்தம் சொல்ல ஆளே தேவைப்படவில்லை.

அதற்கு முன்னாலேயே 'ஹம் லோக்' வந்திருந்தது. 1984 ஜூலையில் ஆரம்பித்து அடுத்த வருஷக் கடைசி வரை, 156 பகுதி. மனோகர் ஷ்யாம் ஜோஷி எழுத்து, ஒவ்வொரு பகுதி முடிவிலும் இந்தி நடிகர் அசோக் குமார் வந்து பேசுவார். அரசாங்கம் அதைக் குடும்பக் கட்டுப்பாடு முதலான விஷயங்களைச் சொல்லத்தான் ஆரம்பித்தது, மெக்சிகோவில் அப்படித் தொடர்கள் எடுத்து ஜனங்களிடம் கருத்துகளைக் கொண்டுபோனதைப் பார்த்து வந்த யோசனை. கூடவே ஒரு நூடுல்ஸ் கம்பெனி விளம்பரம் கொடுத்தது. மாகி என்ற பெயரை நாங்கள் முதலில் பார்த்தது அப்போதுதான். நானும் அதை ஆசையாகப் பார்த்தவன், அந்த வீட்டு மனிதர்களை எங்கள் தெரு மனிதர்கள் மாதிரி பேசிக்கொள்வோம், அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை. ஆனால் அதோடு ஒரு மாற்றம் வந்தது. விளம்பரம் கொடுப்பவருக்கு நாம் அடுத்த வாரமும் வர வேண்டும். அதனால் கதை முடியக் கூடாது. முதலில் 13 வாரம் என்று ஒரு கணக்கு இருந்தது, அதுவே அழகான அளவு. சிவசங்கரியின் 'ஒரு மனிதனின் கதை' அப்படி வந்ததுதான், குடியில் மூழ்குகிறவராக ரகுவரன் நடித்ததைப் பார்த்துவிட்டு எங்கள் வீட்டுப் பெரியவர்கள் சிலர் பேசாமல் எழுந்து போனது ஞாபகம் இருக்கிறது. பிறகு அந்தக் கணக்கும் போயிற்று. 1993-ல் சன் டிவி, 1999 கடைசியில் 'சித்தி', அதற்கப்புறம் வாரத்தில் ஐந்து நாள், வருஷக்கணக்கில்.

நீளம் பெருகினால் என்ன ஆகிறது என்றால், காப்பித்தூள் கதைக்குப் போதாமல் போகிறது. அரைமணி நேரத்துக்கு ஒரு டம்ளர் தூள் போதும். ஐந்நூறு பகுதிக்கு ஆள் கடத்தல் வேண்டும், சொத்துத் தகராறு வேண்டும், செத்தவர் திரும்பி வர வேண்டும். இப்போது தொடர்களில் வருகிற வீடுகள் பெரிய பெரிய வீடுகள், எல்லோரும் எந்நேரமும் பட்டுப்புடவையில் இருக்கிறார்கள், அந்தச் சமையலறையில் எது தீர்ந்து போயும் நான் பார்த்ததில்லை. எழுதுகிறவர்களைக் குற்றம் சொல்லவில்லை, தினமும் இருபது நிமிஷத்தை நிரப்புவது லேசான வேலை இல்லை. ஆனால் வருத்தமாக இருக்கிறது. ஏனென்றால் வீடுகளில் இன்றைக்கும் தீர்ந்துபோகிறது. காப்பித்தூள் இல்லாவிட்டால் போன் டேட்டா தீர்கிறது, கார்டில் பணம் தீர்கிறது, அம்மாவின் பிரஷர் மாத்திரை பத்து நாளுக்கு முன்பே தீர்ந்து அவள் சொல்லாமல் இருக்கிறாள். அப்போது யாரோ ஒருவர் குரலை உயர்த்தி மழையைப் பற்றிப் பேசத்தான் செய்கிறார்.

இன்னொன்று, நாங்கள் அதைத் தனியாகப் பார்க்கவில்லை. இன்றைக்கு நான் எதைப் பார்த்தாலும் என் கையில் இருக்கிற திரையில் பார்க்கிறேன், பிடிக்காத இடம் வந்தால் தள்ளிவிடுகிறேன். அன்றைக்குக் கடன் கொடுத்தவரும் வாங்கினவரும் ஒரே பாயில் உட்கார்ந்து கடன் வாங்குகிற காட்சியைப் பார்த்தோம். தள்ளிவிட முடியாது. எழுந்து போகலாம், அவ்வளவுதான். எழுந்து போவதையும் மற்றவர்கள் பார்ப்பார்கள்.

அந்த நாடகத்தைத் தேடியிருக்கிறேன். பிரசார் பாரதி ஆவணக் காப்பகம் பழைய தூர்தர்ஷன் நிகழ்ச்சிகள் சிலவற்றை யூடியூபில் ஏற்றுகிறது, அதில் ராத்திரி உட்கார்ந்து ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்ப்பேன். தலைப்பைப் பார்க்காதவன் எதை வைத்துத் தேடுவது? காலண்டரில் 27, முருங்கைக்காய், டம்ளர். அந்த நாளில் டேப் விலை அதிகம், பதிவு செய்த டேப்பின் மேலேயே வேறு நிகழ்ச்சியைப் பதிவு செய்வது உலகம் முழுக்க டிவி நிலையங்களில் இருந்த வழக்கம். பிபிசியே எத்தனையோ நாடகங்களை அப்படி அழித்திருக்கிறது. ஒரு செவ்வாய்க்கிழமை நாடகத்துக்கு யார் தனி டேப் ஒதுக்கி அலமாரியில் வைத்திருப்பார்கள் என்று தோன்றும். இருந்தாலும் தேடுகிறேன்.

போன மாதம் அம்மாவிடம் இதைப் பற்றிக் கேட்டேன். அவளுக்கு வயது எழுபத்தெட்டு. நிறைய விஷயம் மறந்துவிட்டாள், இது மறக்கவில்லை.

"முருங்கைக்கா எடுத்துட்டு வருவாரே, அதானே" என்றாள்.

"அதேதான்மா. கடைசியில அந்த வெறும் டம்ளரைக் காட்டி முடிப்பாங்க இல்ல?"

"வெறும் டம்ளரா? இல்லடா." அம்மா தலையை ஆட்டினாள். "மறுநாள் காலைல அந்தப் பொம்பள அஞ்சறைப் பெட்டியில இருந்த சில்லறையெல்லாம் எண்ணி எடுத்து, அரைக்கிற கடையில நூறு கிராம் வாங்கிட்டு வந்து, டம்ளர்ல கோபுரமா குவிச்சு வெச்சு, மேல ஒரு தட்டு போட்டு மூடி, பையன்கிட்ட குடுத்து அனுப்புவா. சிந்தாம போடான்னு சொல்லுவா. அதோட முடியும்."

நாடகத்தில் இருந்தது பையன் இல்லை, பெண். நான் அதைச் சொல்லவில்லை.

"முறமும் குடுத்தனுப்புவாளாம்மா?" என்று மட்டும் கேட்டேன்.

கொஞ்ச நேரம் யோசித்தாள். "ஆமா," என்றாள், "இன்னொரு கைல முறம் இருந்துச்சு."